பறங்கி என்பவர் யார்? யாழ்ப்பாணத்தில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பள்ளிக்கூட வரலாற்றுப் புத்தகத்தில் 'போர்த்துக்கேயர்' என்று படிக்கிறோம். அப்புவும் ஆச்சியும் பழங்கதை சொல்லும்போது அதே ஆட்கள் 'பறங்கியர்' ஆகிவிடுகிறார்கள். குடிசன மதிப்பீட்டிலும் 'பறங்கியர்' என்று ஒரு வரி உண்டு. அது இன்று எங்களோடு வாழும் வேறொரு மக்களைக் குறிக்கிறது. தமிழ்நாட்டுச் சமையல் குறிப்பைத் திறந்தால் பரங்கிக்காய்க் கூட்டு. சித்த வைத்தியரிடம் போனால் பறங்கிப்பட்டைச் சூரணம். ஒரே சொல்லா, ஐந்து சொற்களா என்று மாணவர்களும், பிறநாடுகளில் வளரும் எங்கள் பிள்ளைகளும் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அவர்களுக்காக எழுதியது இது.

'பறங்கி' தமிழ்ச் சொல்லா?

இல்லை. ஆனால் தமிழுக்கு வந்து ஐந்நூறு ஆண்டுகள் ஆகிவிட்டன. அதன் வேர் ஐரோப்பாவில் இருக்கிறது. இன்றைய பிரான்சும் ஜேர்மனியும் இருக்கும் நிலப்பகுதியில் ஃபிராங்குகள் என்ற மக்கள் பழங்காலத்தில் அரசாண்டார்கள். பிரான்ஸ் என்ற நாட்டின் பெயரே அவர்கள் விட்டுப்போனதுதான். 1095இல் உரோமைத் திருச்சபையின் பாப்பரசர் சிலுவைப் போருக்கு அழைப்பு விடுத்தார்; 1099இல் அந்தப் படை ஜெருசலேமைப் பிடித்தது. படையில் பல மொழி பேசியவர்களும் பல நாட்டவரும் இருந்தார்கள். அரபு மக்களுக்கு அந்த வேறுபாடு தேவைப்படவில்லை. மேற்கிலிருந்து வந்த கிறிஸ்தவர் எல்லாரையும் 'இஃப்ரஞ்ச்', 'ஃபிரஞ்ச்' என்று ஃபிராங்குகளின் பெயராலேயே அழைத்தார்கள். பாரசீகத்தில் அது 'ஃபரங்கி' ஆனது.

ஆகவே இந்தச் சொல் எங்களிடம் வருவதற்கு முன்பே ஒருமுறை பொருள் மாறிவிட்டது. ஓர் இனத்தின் பெயராகப் பிறந்து, 'மேற்கத்தியான்' என்ற பொதுப் பெயராகி, அந்தப் பொருளோடு அரபு, பாரசீக வணிகர்களின் கப்பலில் இந்துமாக்கடலைக் கடந்தது. வஸ்கோ ட காமா 1498இல் கள்ளிக்கோட்டையில் இறங்கியபோது அங்கே கடை விரித்திருந்த முஸ்லிம் வணிகர்களுக்கு அவர் யார் என்று யோசிக்க வேண்டியிருக்கவில்லை. பெயர் தயாராக இருந்தது.

'ஃபரங்கி' எப்படிப் 'பறங்கி' ஆனது? ர சரியா, ற சரியா?

தமிழில் ஃப ஒலி இல்லாததால் பகரம் வந்தது. வல்லின றகரம் ஏன் வந்தது என்றால், அந்நிய நாவில் உருண்டு அதிர்ந்த ஒலிக்கு எங்கள் காதில் நெருக்கமாகக் கேட்டது அதுதான். மலையாளத்திலும் றகரம்தான். தமிழ்நாட்டில் 'பரங்கி' என்று எழுதும் வழக்கம் பெருகிவிட்டது; பரங்கிப்பேட்டை, பரங்கிமலை, பரங்கிக்காய் எல்லாம் அங்கே அப்படித்தான் அச்சாகின்றன. யாழ்ப்பாணத்தில் 'பறங்கி' நிலைத்துவிட்டது. இரண்டும் ஒரே சொல். பரீட்சைத் தாளில் எழுதும் பிள்ளைகள் எங்கள் பாடநூல் வழக்கப்படி றகரத்தை எழுதுவது நல்லது.

'பர அங்கி' என்பதுதான் பறங்கி ஆனதாக ஒருவர் சொன்னார். பறை என்ற சொல்லோடு தொடர்பு என்று இன்னொருவர் சொன்னார்.

இரண்டும் சரியில்லை. நீண்ட அங்கி போட்டவர்கள் வந்ததால் பர அங்கி என்று பிரிப்பது காதுக்கு இனிக்கும். ஆனால் தமிழே தெரியாத மலாய்க்காரர் அதே ஆட்களைப் 'பெரிங்கி' என்றார்கள். பினாங்கில் பத்து பெரிங்கி என்று ஒரு கடற்கரை இன்றும் இருக்கிறது. தாய்லாந்தில் வெள்ளையர் எல்லாரும் 'ஃபராங்'. எத்தியோப்பியாவில் 'ஃபெரெஞ்'. சீனர் போர்த்துக்கேயருக்கு வைத்த பெயர் 'ஃபொலாங்ஜி'. இத்தனை மொழிகளும் எங்கள் அங்கியைப் பிரித்துச் சொல் உண்டாக்கியிருக்க முடியாது.

திருப்பரங்குன்றத்தையும் சிலர் இதில் சேர்க்கிறார்கள். பரங்குன்று சங்கப் பாடல்களிலேயே வரும் முருகன் மலை. ஐரோப்பியர் யாரும் இந்தக் கடலில் வருவதற்கு நூற்றாண்டுகள் முந்திய பெயர் அது. ஒட்டே இல்லை.

யாழ்ப்பாணத்தார் பறங்கியரை எப்போது சந்தித்தார்கள்?

போர்த்துக்கேயர் இலங்கையில் முதலில் வந்து சேர்ந்தது 1505இல், தென்மேற்குக் கரையில். வடக்கில் பகை முற்றியது மன்னாரில். அங்கே கரையோர மக்கள் கிறிஸ்தவத்தைத் தழுவ, 1544இல் யாழ்ப்பாண மன்னன் முதலாம் சங்கிலி படையோடு சென்று அவர்களில் பல நூறு பேரைக் கொன்றான். பதினாறு ஆண்டுகளுக்குப் பிறகு, 1560இல், கோவாவின் ஆளுநர் கொன்ஸ்தந்தீனு த பிரகான்சா பெரும் படையோடு வந்து நல்லூரைப் பிடித்தார். நிலைக்க முடியவில்லை, மக்கள் எழுந்து விரட்டினார்கள். மன்னாரை மட்டும் கையில் வைத்துக்கொண்டார்கள். 1591இல் மறுபடி ஒரு படையெடுப்பு. அந்தப் போரில் மன்னன் புவிராச பண்டாரம் கொல்லப்பட்டு எதிர்மன்னசிங்கன் அரியணையில் வைக்கப்பட்டான். கடைசி அடி 1619இல் விழுந்தது. போர்த்துக்கேயத் தளபதி பிலிப்பு த ஒலிவேரா வந்து கடைசி மன்னன் சங்கிலி குமாரனைச் சிறைப்பிடித்தார். அவன் கோவாவுக்குக் கொண்டுசெல்லப்பட்டு அங்கே கொல்லப்பட்டான். நல்லூர்க் கந்தசுவாமி கோயில் 1621இல் இடிக்கப்பட்டது.

நேரடி ஆட்சி 1619 முதல் 1658 வரை, 39 ஆண்டுகள்தான். பின்னால் வந்த ஒல்லாந்தர் 137 ஆண்டுகளும் ஆங்கிலேயர் 153 ஆண்டுகளும் இருந்தார்கள். இருந்தும் மக்கள் மனத்தில் ஆழமாக இறங்கிய அந்நியன் பெயர் 'பறங்கி'. கோயில் இடித்தவனின் பெயர் அது, அரசைப் பறித்தவனின் பெயர் அது. அந்தக் காலத்துக் கதைகளில் சொல்லின் தொனியே வேறு. பறங்கிக்கு மாட்டிறைச்சி கொடுக்க மனமில்லாமல் ஊரைவிட்டே போனவரின் கதையை இங்கே சைவப் பாடத்தில் இன்றும் சொல்லிக்கொடுக்கிறோம். ஞானப்பிரகாச முனிவர் திருநெல்வேலியிலிருந்து இந்தியாவுக்குப் போய்ச் சிதம்பரத்தில் குளம் தொட்ட கதைதான். திருநெல்வேலி என்றால் எங்களுடைய திருநெல்வேலி, தின்னவேலிச் சந்தை இருக்கும் ஊர்.

ஒல்லாந்தரையும் பறங்கி என்றார்களா?

அவர்கள் ஆண்ட காலத்தில் யாழ்ப்பாணத்து எழுத்து அவர்களைப் பிரித்தே வைத்தது. மயில்வாகனப் புலவரின் யாழ்ப்பாண வைபவமாலை ஒல்லாந்தர் காலத்தில், ஒல்லாந்து அதிகாரி ஒருவர் கேட்டதற்காக எழுதப்பட்டது. அதில் போர்த்துக்கேயர் பறங்கியர். ஒல்லாந்தரோ உலாந்தேசர். முனிவர் ஒருவர் அரசனுக்கு வருங்காலம் சொல்லும் இடத்தில், முதலில் பறங்கி ஆள்வான், பிறகு உலாந்தேசு ஆள்வான் என்று வரிசை வைத்துச் சொல்லப்படுகிறது.

'உலாந்தா', 'உலாந்தேசு' என்பவை போர்த்துக்கேயர் வாயிலிருந்து நாங்கள் கற்றவை. ஒல்லாந்து நாட்டுக்கு அவர்கள் மொழியில் ஒலாந்தா என்றும் அந்நாட்டவருக்கு ஒலாந்தேஸ் என்றும் பெயர். முந்திய அந்நியன் பிந்திய அந்நியனுக்கு வைத்த பெயரை வாங்கி நாங்கள் பயன்படுத்தினோம். ஆங்கிலேயர் வந்தபோது அந்த நுட்பம் போய்விட்டது. 'வெள்ளைக்காரன்' வந்தான், 'துரை' வந்தான். பறங்கி என்ற சொல்லுக்கு ஆட்சியில் வேலை இல்லாமல் போயிற்று. சொல் சாகவில்லை, இங்கேயே தங்கிவிட்டவர்களிடம் போய் ஒட்டிக்கொண்டது. அதுதான் இந்தக் கதையில் என்னை அதிகம் யோசிக்கவைக்கும் திருப்பம்.

அப்படியென்றால் இன்றைய பறங்கியர் யார்?

போர்த்துக்கேய, ஒல்லாந்துச் சிப்பாய்களும் ஊழியர்களும் கைவினைஞர்களும் இந்த மண்ணின் பெண்களை மணந்து வாழ்ந்ததில் உருவான மக்கள். ஒல்லாந்தில் நகரக் குடிமகனைக் குறிக்கும் சொல் 'பேர்கர்'. கிழக்கிந்தியக் கும்பனியின் சேவையில் இல்லாமல் சுதந்திரமாகத் தொழில் செய்த ஐரோப்பியருக்கு இலங்கையில் அந்தப் பெயர் இருந்தது. ஆங்கிலேயர் அதையே முழுச் சமூகத்துக்கும் பெயராக்கினார்கள். தமிழில் அதற்கு ஈடாக அரசு எழுதுவது 'பறங்கியர்'. சிங்களத்தில் ஒல்லாந்த வழியினரை 'லன்சி' என்பார்கள். அதுவும் ஒல்லாந்தரின் பெயர் தேய்ந்து வந்தது.

2012ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டில் நாடு முழுவதும் பறங்கியர் 40,000 பேருக்குச் சற்றுக் குறைவு. மட்டக்களப்பிலும் திருகோணமலையிலும் வாழும் போர்த்துக்கேயப் பறங்கியர் தமிழும் பேசுகிறார்கள். அவர்களில் முதியவர்களிடம் போர்த்துக்கேயம் கலந்த ஒரு வீட்டுமொழி இன்னும் உயிரோடு இருக்கிறது. தச்சும் கொல்லும் இயந்திர வேலையும் தலைமுறையாக அவர்கள் கையில் இருந்தவை. கல்யாண வீட்டில் அவர்கள் வயலின் வாசித்து ஆடும் ஆட்டத்தைக் கிழக்கில் பார்த்தவர்கள் மறக்கமாட்டார்கள்.

யாழ்ப்பாணத்தில் பிரதான வீதி, சுண்டிக்குளிப் பக்கத்தில் பறங்கியர் குடும்பங்கள் வாழ்ந்தன. கந்தோர், நீதிமன்றம், தபால், 1905இல் இங்கு வந்து சேர்ந்த புகையிரதம் என்று ஆங்கிலேயர் கால அரசாங்க வேலைகளில் அவர்கள் இருந்தார்கள். 1956இல் சிங்களம் மட்டும் சட்டம் வந்தபின் நாட்டின் ஒல்லாந்தப் பறங்கியரில் பெரும்பகுதியினர் அவுஸ்திரேலியாவுக்குப் போய்விட்டார்கள். கோட்டைக்குள் 1706இல் கட்டிய ஒல்லாந்தத் தேவாலயமும் போரில் இடிந்தது.

'பறங்கி' என்று கூப்பிட்டால் அவர்கள் கோபப்படுவார்களா?

'பறங்கியர்' என்பது சட்டத்திலும் புள்ளிவிபரத்திலும் உள்ள பெயர். அதில் குறை இல்லை. ஒருமையில் 'அவன் பறங்கி' என்று சொல்வது வேறு. அந்த ஒருமையில் பழைய பகையும் 'நீ இந்த ஊரான் இல்லை' என்ற விலக்கலும் சேர்ந்து வருகின்றன. மட்டக்களப்பில் பிறந்து, தமிழில் படித்து, அங்கேயே வேலை செய்யும் ஒருவனை அப்படி அழைத்தால் அவனுக்கு நோகும். நோகத்தான் வேண்டும் என்று நினைத்து அழைப்பவர்களும் இருக்கிறார்கள்.

இங்கே வெள்ளையாய், பூனைக்கண்ணோடு பிறக்கும் பிள்ளையைப் பார்த்து 'பறங்கிப் பிள்ளை மாதிரி' என்று கொஞ்சுபவர்கள் உண்டு. நிறத்தைப் புகழ்வதாக நினைத்துச் சொல்கிறார்கள். அந்தக் கொஞ்சலையும் நான் விரும்புவதில்லை. பக்கத்தில் நிற்கும் கறுத்த அக்காளுக்கு அது என்ன சொல்கிறது என்று பார்க்க வேண்டும்.

சமயத்தோடும் இந்தச் சொல் பின்னிக்கிடந்ததா?

நன்றாகப் பின்னிக்கிடந்தது. மறுகரையில் நடந்த ஒரு செய்தி இதைத் தெளிவாகக் காட்டும். மதுரையில் 1606இல் வந்து சேர்ந்த இத்தாலியக் குருவானவர் ரொபேர்ட் டி நொபிலி, தனக்கு முன் அங்கிருந்த பாதிரியார் ஞானஸ்நானம் பெறவந்தவர்களிடம் 'பறங்கிக் குலத்தில் சேர விருப்பமா' என்ற பொருளில் கேட்டதைக் கண்டார். சமயத்தின் பெயரும் சாதியின் பெயரும் நாட்டின் பெயரும் ஒரே சொல்லுக்குள் சுருண்டிருந்தன. மாடு தின்று, கள்ளும் சாராயமும் குடித்து, குளிக்காமல் திரிபவன் என்பதே அன்று பறங்கி என்ற சொல் எழுப்பிய படம். நொபிலி காவி கட்டிக்கொண்டார், இறைச்சியை விட்டார், தான் பறங்கி இல்லை என்று வெளிப்படையாக அறிவித்தார். அவர் பிறந்தது இத்தாலியில் என்பதால் போர்த்துக்கேயன் என்ற பொருளில் அவர் சொன்னது உண்மைதான். ஐரோப்பியன் என்ற பொருளில் எடுத்தால் உண்மை இல்லை. அவர் சொல்லின் இரண்டு பொருள்களுக்கும் நடுவில் இருந்த இடைவெளியில் நின்றுகொண்டார்.

பறங்கிப்புண் என்பது என்ன நோய்? பறங்கிப்பட்டை எதற்கு?

கிரந்தி என்று வைத்தியர்கள் சொல்லும் மேகநோய்ப் புண்ணுக்குத் தமிழில் 'பறங்கிப்புண்' என்று பெயர் வந்தது. சமஸ்கிருத வைத்திய நூலிலும் 16ஆம் நூற்றாண்டில் 'ஃபிரங்க ரோகம்' ஏறிவிட்டது. இலங்கையிலோ 'பறங்கி' என்று சிங்களவர் சொன்னதும் ஆங்கிலேய வைத்திய அதிகாரிகள் அறிக்கைகளில் எழுதியதும் பெரும்பாலும் வேறொரு நோயை: உலர்வலயக் கிராமங்களில் ஏழைப் பிள்ளைகளின் உடம்பெல்லாம் புண்ணாக்கிய தொற்று. உடலுறவால் பரவுவதில்லை, தோல் தோலில் பட்டுப் பரவும். இரண்டுக்கும் காரணமான கிருமிகள் உறவுக்காரக் கிருமிகள் என்பதால் ஒரே பெயரில் குழம்பியது வியப்பில்லை. பெனிசிலின் ஊசி வந்தபின் அந்தப் புண் நாட்டைவிட்டே போயிற்று. பெயர் மட்டும் அகராதியில் கிடக்கிறது.

நோய்க்கு அந்நியன் பெயரை வைப்பது எங்களுடைய வழக்கம் மட்டும் என்று நினைக்க வேண்டாம். இதே மேகநோயை இத்தாலியர் பிரெஞ்சு நோய் என்றார்கள், பிரெஞ்சுக்காரர் நேப்பிள்ஸ் நோய் என்றார்கள், துருக்கியில் இன்றும் அதற்கு 'ஃபிரெங்கி' என்றுதான் பெயர். பறங்கிப்பட்டை சீனாவிலிருந்து வந்த ஒரு கொடியின் கிழங்கு. அந்தப் புண்ணுக்கு மருந்தாகக் கொடுத்தார்கள்.

பரங்கிக்காய்க்கும் பறங்கியருக்கும் உறவா?

உறவுதான். இந்தப் பூசணி அமெரிக்கக் கண்டத்துக் காய். கொலம்பஸ் 1492இல் கடல் கடந்த பிறகே எங்கள் பக்கத்துக்கு வந்தது. ஐரோப்பியர் கொண்டுவந்த காய் என்பதால் தமிழ்நாட்டில் பரங்கிக்காய். மலையாளத்தில் முந்திரி மரம் 'பறங்கிமாவு', மிளகாய்க்குப் 'பறங்கிமுளகு' என்று ஒரு பெயர். இரண்டும் அதே வழியாக வந்தவை. தாய்லாந்தில் கொய்யாப்பழத்துக்கே 'ஃபராங்' என்று பெயர். யாழ்ப்பாணத்தில் பூசணிக்காய் என்றால் இந்தச் சிவப்புப் பூசணிதான். வெள்ளையை நீற்றுப்பூசணி என்று அடைகொடுத்துச் சொல்கிறோம். இந்தியப் புத்தகத்தைப் பார்த்துச் சமைக்கும்போது பரங்கி என்று இருந்தால் எங்கள் பூசணியை வெட்டுங்கள்.

பீரங்கி?

ஆம், அதுவும் இந்தக் குடும்பந்தான். ஐரோப்பியர் கொண்டுவந்த வெடிகுழாய்க்குப் பாரசீகத்தில் 'ஃபிரங்கி' என்றே பெயர் வந்தது. பாபர் தன் வரலாற்றில் 1526 பானிப்பட்டுப் போரைப் பற்றி எழுதும்போது இந்தப் பெயரைச் சொல்கிறார். தெலுங்கில் ஃபிரங்கி என்றால் பீரங்கி. சீனரும் போர்த்துக்கேயருக்கு வைத்த பெயரைப் பீரங்கிக்கும் வைத்தார்கள். யாழ்ப்பாணக் கோட்டை வாசலில் நின்று பார்த்தால் கட்டியவன் பெயரும் கருவியின் பெயரும் ஒன்றுதான் என்று தோன்றும். ஆனால் இப்போது நாங்கள் பார்ப்பது ஒல்லாந்தர் திருத்திக் கட்டிய ஐங்கோணக் கோட்டை. போர்த்துக்கேயருடையது நாற்சதுரமாக இருந்தது.

வீட்டில் பேசும் எத்தனை சொற்கள் பறங்கியருடையவை?

காலையில் எழும்பியதிலிருந்து எண்ணுங்கள். திறாங்கை எடுத்து யன்னலைத் திறக்கிறோம். குசினிக்குள் போகிறோம். விறாந்தையில் கதிரை போட்டு மேசையில் பாண் வைத்துச் சாப்பிடுகிறோம். வாளியில் தண்ணீர், அலுமாரியில் உடுப்பு, காலில் சப்பாத்து, சட்டைப்பையில் பேனை, லேஞ்சி. வாங்கில் இருந்து படிக்கிறோம். காணிச் சிக்கல் வந்தால் பழைய தோம்பைத் தேடுகிறோம். இவ்வளவும் போர்த்துக்கேயம். கந்தோரும் நொத்தாரிசும் கக்கூசும் ஒல்லாந்தரின் மொழி.

எதிரியின் பெயரை வசைச் சொல்லாக வைத்துக்கொண்டு அவன் பொருள்களின் பெயரை முற்றத்துக்குள் எடுத்துக்கொண்டோம். தமிழ்நாட்டுக்குப் போய் 'கதிரை' என்றால் விழிப்பார்கள், அங்கே நாற்காலி. 'கதிரை'யைக் கேட்டதும் 'நீங்கள் யாழ்ப்பாணமா' என்று கண்டுபிடித்துவிடுவார்கள். எங்கள் ஊர் அடையாளத்தில் ஒரு பங்கு அந்தக் கப்பல்களில் வந்தது. இதை மறைப்பதற்கு எதுவும் இல்லை.

சிங்களத்திலும் இதே சொல்தானா?

அதே 'பரங்கி'. கொழும்பிலிருந்து கோட்டேக்குப் போகப் போர்த்துக்கேயரைக் காட்டு வழியெல்லாம் சுற்றவைத்துக் கூட்டிப்போனார்களாம். அதனால் 'பரங்கியா கோட்டே போனது போல' என்று சுற்றுவழிக்கு ஒரு பழமொழி இருக்கிறது; கோட்டே அன்றைய அரசின் தலைநகர். கண்ணொறுவையில் 1638இல் இரண்டாம் இராஜசிங்கன் பெற்ற வெற்றியைப் பாடும் பழைய போர்க்காவியமும் இந்தப் பெயரைத்தான் தாங்கி நிற்கிறது. தெற்கும் வடக்கும் ஒரே அடியை வாங்கின, ஒரே சொல்லால் அதை நினைவில் வைத்தன.

அந்நியரைக் குறித்து வந்து உள்ளூரில் தங்கிய சொல் வேறு உண்டா?

2012ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டுப் பட்டியலையே பாருங்கள்: சிங்களவர், இலங்கைத் தமிழர், இந்தியத் தமிழர், இலங்கைச் சோனகர், பறங்கியர், மலாயர். இந்த வரிசையில் பறங்கியருக்கு முன்னால் நிற்கும் சோனகர் இன்னும் பழைய பயணி. கிரேக்கத்து அயோனியரைப் பாரசீகர் 'யவ்ன' என்றார்கள். அது வடமொழியில் யவனர், பாளியில் யோன. சங்கப் பாடலில் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பும் யவனர் கிரேக்க, உரோமை வணிகர். பிறகு அதே கடல்வழியை அரபு வணிகர் பிடித்துக்கொண்டபோது பெயரும் அவர்களிடம் போயிற்று. யவனர் சோனகர் ஆனார்கள். அவர்கள் வழியில் இங்கே பிறந்து தமிழையே வீட்டுமொழியாகப் பேசும் முஸ்லிம்கள் இன்றும் அந்தப் பெயரில்தான் பதிவாகிறார்கள்.

போர்த்துக்கேயரும் இதையேதான் செய்தார்கள். தங்கள் நாட்டுக்குத் தெற்கே வட ஆபிரிக்காவிலிருந்து வந்து தங்களை ஆண்ட முஸ்லிம்களை அவர்கள் 'மோரோ' என்பார்கள்; அந்தப் பெயரை இங்கே வந்து எங்கள் முஸ்லிம்களுக்கும் வைத்தார்கள். ஆங்கிலத்தில் அது இன்றும் நிற்கிறது. தமிழரை 'மலபார்' என்றார்கள். ஒல்லாந்தர் காலத்தில், 1707இல் தொகுத்து முடிக்கப்பட்ட எங்கள் தேசவழமைச் சட்டத்தின் ஆங்கிலத் தலைப்பில் நாங்கள் 'யாழ்ப்பாணத்து மலபார்கள்'. நாங்கள் அவர்களை ஃபிராங்குகள் என்று பிழையாக அழைக்க, அவர்கள் எங்களைக் கேரளத்தார் என்று பிழையாக எழுதிவைத்தார்கள்.

யாழ்ப்பாண நகரில் சோனகதெரு இருக்கிறது. 1990 ஒக்ரோபர் இறுதியில் விடுதலைப்புலிகள் வடக்கு முஸ்லிம்களை வெளியேற்றியபோது அந்தத் தெரு ஒரே நாளில் வெறுமையானது. தலைமுறை தலைமுறையாக இங்கே பிறந்தவர்கள், சில மணிநேர அவகாசத்தில், கையில் எடுத்ததோடு போனார்கள். ஒரு மக்களின் பெயருக்குள் 'வந்தவர்' என்ற பொருள் எவ்வளவு காலம் உறங்கினாலும் யாரோ ஒருநாள் அதை எழுப்பிவிட முடியும். அதனால்தான் இந்தச் சொற்களின் வரலாற்றைப் பிள்ளைகளுக்கு ஒளிக்காமல் சொல்லிக்கொடுக்க வேண்டும் என்று நினைக்கிறேன்.

'சீமை' என்பதும் இப்படித்தானா?

சீமை என்றால் முதலில் எல்லை. பிறகு எல்லைக்கு உட்பட்ட நாடு. ஆங்கிலேயர் காலத்தில் கடலுக்கு அப்பால் உள்ள அவர்கள் நாடு. எல்லையே வெளியாகிப்போன சொல் அது. எங்கள் வேலிகளில் சீமைக்கிளுவை நிற்கிறது. கிளுவை ஊர் மரம், சீமைக்கிளுவை வந்த மரம். இன்று இரண்டும் ஒரே வேலியில் ஒன்றாகக் கதியால் போட்டு நிற்கின்றன.

இப்போது யாழ்ப்பாணத்தில் அந்நியரை என்னவென்று அழைக்கிறோம்?

கமெராவோடு கோட்டையைச் சுற்றும் ஐரோப்பியர் 'வெள்ளைக்காரர்' அல்லது 'ரூறிஸ்ற்'. பறங்கி என்று எவரும் சொல்வதில்லை. ஆனால் 'வெளிநாட்டுக்காரர் வந்திருக்கினம்' என்று ஒருவர் சொன்னால் அது பெரும்பாலும் எங்களுடைய ஆட்கள்: நல்லூர்த் திருவிழாவுக்கு ஆவணியில் கனடாவிலிருந்தும் இலண்டனிலிருந்தும் சுவிசிலிருந்தும் வந்து இறங்கும் மாமா, சித்தி, அவர்களின் பிள்ளைகள். மீன் சந்தையில் விளைமீனைத் தூக்கிக்காட்டும் அம்மா, எதிரே நிற்பவரின் செருப்பையும் கைப்பையையும் ஒரு பார்வை பார்த்துவிட்டுத்தான் விலை சொல்கிறார். 'நீங்கள் வெளியோ?' என்று கேட்கிறார். 'இல்லை, கோண்டாவில்' என்று அந்த மனிசன் தன் ஊரைச் சொல்கிறார். 'அது சரி, இப்ப எங்கை இருக்கிறியள்?' என்று அடுத்த கேள்வி வருகிறது.

அவர் 1980களின் கலவரத்திலும் போரிலும் போனவர். அங்கே அவரைக் குடியேறி என்கிறார்கள். இங்கே வெளிநாட்டுக்காரர். இரண்டு இடத்திலும் அவர் வந்தவர். இந்தச் சொல்லில் வெறுப்பு இல்லை. பெருமையும் கொஞ்சம் எதிர்பார்ப்பும் கொஞ்சம் தூரமும் இருக்கின்றன. அவர் பிள்ளைகளுக்கு அந்தத் தூரம் கூடுதலாகக் கேட்கிறது. பேரப்பிள்ளைகளின் காலத்தில் இந்தச் சொல் எந்தப் பக்கம் சாயும் என்பது நாங்கள் அவர்களோடு எப்படிக் கதைக்கிறோம் என்பதில் இருக்கிறது.

கட்டுரையோ ஒப்படையோ எழுதும்போது எந்தச் சொல்லைப் போடுவது?

1505 முதல் 1658 வரையான ஆட்சியையும் போரையும் பற்றி என்றால் 'போர்த்துக்கேயர்'. பழைய நூலிலிருந்து மேற்கோள் எடுத்தால் அதில் உள்ளபடி 'பறங்கி' என்று எழுதி, அடுத்த வரியில் யாரைக் குறிக்கிறது என்று விளக்குங்கள். சில நூல்களில் அது பொதுவாக ஐரோப்பியர் எல்லாரையும் குறிக்கும். இன்றைய சமூகத்தைப் பற்றி என்றால் 'பறங்கியர்', எப்போதும் மரியாதைப் பன்மையில். போர்த்துக்கேய வழியினரா ஒல்லாந்த வழியினரா என்று தெரிந்தால் அதையும் சேர்த்து எழுதுங்கள். அவர்களுக்கு அது முக்கியம். மட்டக்களப்புப் பறங்கியரை 'ஒல்லாந்தர்' என்றோ, சோனகரை 'அராபியர்' என்றோ எழுத வேண்டாம்.